ஊட்டி, கொடைக்கானல் ஊசியிலை மரங்கள்: பைன் எது, சைப்ரஸ் எது, சவுக்கு எது?

ஊட்டிக்கோ கொடைக்கானலுக்கோ போனால், நேராக உயர்ந்து கரும்பச்சையாக நிற்கிற, இலை மெலிசாக இருக்கிற எல்லா மரமும் நம் ஆட்களுக்குப் பைன் மரம்தான். ஆனால் அவற்றில் பல சைப்ரஸ். சில அரக்கேரியா. அங்கங்கே ஜப்பானிலிருந்து கொண்டுவந்து நட்ட கிரிப்டோமேரியா நிற்கும். ஊசியிலை மரங்களோடு எந்த உறவும் இல்லாத சவுக்கையும் நிறைய பேர் இந்தக் கணக்கில்தான் சேர்க்கிறார்கள்.

இதைப் பிரித்துச் சொல்லத் தாவரவியல் படிக்க வேண்டியதில்லை. நம் மலைகளில் சாதாரணமாகக் கண்ணில் படும் ஊசியிலை மரங்கள் மொத்தமே பத்துப் பன்னிரண்டு வகைதான் இருக்கும், அவற்றிலும் கிட்டத்தட்ட எல்லாமே வெளிநாட்டிலிருந்தோ இமயமலையிலிருந்தோ கொண்டுவந்து நட்டவை. பட்டியல் சின்னதாக இருப்பதால் வேலையும் சுலபம். ஒரே ஒரு பழக்கத்தை மட்டும் மாற்றிக்கொள்ள வேண்டும்: மரத்தை அண்ணாந்து பார்த்து உருவத்தை வைத்துப் பெயர் சொல்வதை விட்டுவிட்டு, முதலில் தரையைப் பாருங்கள். உதிர்ந்த ஊசி, விழுந்த காய், உரிந்த பட்டைத் துண்டு, மூன்றும் மரத்தடியிலேயே கிடக்கும். முக்கால்வாசி விடை அங்கேயே வந்துவிடும்.

மரத்தின் உருவத்தை ஏன் நம்பக்கூடாது என்றால், நெருக்கமாக நட்ட தோட்டத்தில் எந்த மரமும் வெளிச்சத்தைத் தேடி ஒல்லியாக மேலே போகும், கீழ்க்கிளைகள் காய்ந்து விழும். அதே மரம் தனியாக ஒரு புல்வெளியில் நின்றால் அடி வரைக்கும் கிளை விட்டு அகலமாக இருக்கும். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒரே இனம் என்று யாரும் நம்ப மாட்டார்கள்.

என்ன கொண்டுபோக வேண்டும்

பெரிதாக ஒன்றும் வேண்டாம். உங்கள் கைச்சாண் எத்தனை சென்டிமீட்டர் என்று வீட்டிலேயே ஒருமுறை அளந்து வைத்துக்கொள்ளுங்கள். பெரியவர்களுக்குப் பொதுவாக 20 முதல் 22 சென்டிமீட்டர் வரும், காட்டில் அதுதான் உங்கள் அளவுகோல். பத்து மடங்கு பெரிதாக்கிக் காட்டும் சின்ன லென்ஸ் இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் போன் கேமராவை ஜூம் செய்தாலே போதும். சேகரிப்பதைப் போட ஒரு காகிதப் பை. பிளாஸ்டிக் பை வேண்டாம், அந்த மலைகளில் அதற்குத் தடை இருக்கிறது, தவிர அதற்குள் காய் வியர்த்துப் பூஞ்சை பிடிக்கும். கிளையை ஒடிக்காதீர்கள், காப்புக்காட்டுக்குள் அனுமதி இல்லாமல் நுழையாதீர்கள். சாலையோரமும் பூங்காவும் கற்றுக்கொள்ளத் தாராளமாகப் போதும்.

படி 1: இது ஊசியிலை மரம்தானா?

முதலில் சவுக்கைக் கழித்துவிடுவோம், ஏனென்றால் குழப்பம் அதிகம் வருவது இங்கேதான். கடற்கரை ஊர்க்காரர்கள் சிரிப்பார்கள், ஆனால் நகரத்தில் வளர்ந்த ஒருவருக்குச் சவுக்குத் தோப்பும் பைன் காடும் ஒன்றுபோலத் தெரிவதில் ஆச்சரியம் இல்லை.

சவுக்கின் 'ஊசி' ஒன்றை எடுத்து இரண்டு முனையையும் பிடித்து மெதுவாக இழுங்கள். கணுக்கணுவாகக் கழன்று வரும். கழன்ற இடத்தை லென்ஸில் பார்த்தால் சுற்றிலும் ஆறு முதல் எட்டு நுண்ணிய பற்கள் தெரியும். அந்தப் பற்கள்தான் சவுக்கின் உண்மையான இலை, நாம் ஊசி என்று நினைப்பது பச்சையான மெல்லிய குச்சி. பைன் ஊசியை இழுத்தால் இப்படிக் கழலாது. நடுவில் முறியும், இல்லாவிட்டால் அடியோடு பிடுங்கிக்கொண்டு வரும், கணு என்று ஒன்றுமே இருக்காது.

சவுக்கு பூக்கும் தாவரம். அதன் சின்னக் காய் பைன் காய் (கூம்பு) மாதிரித் தெரிந்தாலும் உண்மையில் அது கனிகளின் தொகுப்பு, பழுத்ததும் அலகு திறப்பதுபோல் ஒவ்வொரு அறையாகப் பிளந்து இறகு வைத்த விதையை விடும். பத்தொன்பதாம் நூற்றாண்டில் ரயில் எஞ்சின்களுக்கு விறகு வேண்டும் என்று சென்னைப் பக்கத்துக் கடற்கரைகளில் பெரிய அளவில் நட்ட மரம் இது. அதன் கதை வேறு, பைனின் கதை வேறு.

படி 2: இலை எந்த மாதிரி?

சவுக்கு இல்லை என்று உறுதியானதும் இலையைக் கையில் எடுங்கள். நம் மலைகளில் பார்க்கப்போவது நான்கு விதம்.

நீளமான ஊசிகள் இரண்டு, மூன்று அல்லது ஐந்தாகச் சேர்ந்து, அடியில் ஒரு சின்ன உறைக்குள் சொருகியதுபோல் கொத்தாக இருந்தால் அது பைன். வேறு எந்த ஊசியிலை மரத்துக்கும் இந்த உறைபோட்ட கொத்து கிடையாது, அதனால் இது ஒன்றே போதுமான சான்று.

ஊசியாகவே தெரியாமல், பச்சை நூலைப் பின்னியதுபோல் மிகச் சிறிய செதில்கள் குச்சியோடு ஒட்டியிருந்தால் சைப்ரஸ், துஜா, ஜூனிபர் இந்த மூன்றில் ஒன்று.

ஒவ்வொரு இலையும் தனித்தனியாக, ஒரு சென்டிமீட்டர் அளவில், உள்நோக்கி வளைந்து கூராக, குச்சியைச் சுற்றிச் சுருளாக அமைந்திருந்தால் கிரிப்டோமேரியா அல்லது அரக்கேரியா.

நான்காவது அகலமான இலை. ஊசியிலை மரத்துக்கு அகல இலையா என்று கேட்காதீர்கள், இருக்கிறது. அதற்குக் கடைசியில் வருவோம்.

படி 3: பைன் என்றால் கொத்தை எண்ணுங்கள்

பைன் இனங்களைப் பிரிப்பதில் முதல் கேள்வி, ஒரு கொத்தில் எத்தனை ஊசி என்பதுதான். ஒரே ஒரு கொத்தை எண்ணிவிட்டு முடிவுக்கு வராதீர்கள். தரையில் கிடப்பதில் பத்துக் கொத்தாவது, அடி உறை பிரியாமல் முழுசாக இருப்பவையாகப் பார்த்து எடுத்து எண்ணுங்கள். சில இனங்களில் பெரும்பாலும் மூன்று, நடுநடுவே நான்கு என்று வரும். அதிகமாக எது வருகிறதோ அதுதான் கணக்கு.

கொத்து பிரிந்துபோய் ஒற்றை ஊசி மட்டும் கிடைத்தாலும் வழி இருக்கிறது. ஒரு கொத்திலுள்ள ஊசிகளைச் சேர்த்துப் பிடித்தால் முழு உருளை கிடைக்கும், அதாவது ஒவ்வொரு ஊசியும் அந்த உருளையின் ஒரு பங்கு. ஊசியைக் குறுக்கே வெட்டி லென்ஸில் பாருங்கள்: அரை வட்டமாக இருந்தால் இரண்டு ஊசிக் கொத்து, மூன்றில் ஒரு பங்காக ஒரு பக்கம் வளைந்து மறுபக்கம் கூம்பாக இருந்தால் மூன்று, ஒல்லியான முக்கோணமாக இருந்தால் ஐந்து.

அடி உறையையும் கவனியுங்கள். இரண்டு, மூன்று ஊசிப் பைன்களில் அந்தப் பழுப்பு உறை பெரும்பாலும் கடைசி வரை ஒட்டிக்கொண்டிருக்கும். ஐந்து ஊசிப் பைன்களில் சீக்கிரமே உதிர்ந்துவிடும்.

நீலகிரியிலும் கொடைக்கானல் இருக்கும் பழனி மலையிலும் நீங்கள் எண்ணப்போவது கிட்டத்தட்ட எப்போதுமே மூன்று. அதனால் அடுத்த இரண்டு படிகள்தான் இங்கே முக்கியம்.

படி 4: நீளமும் தொங்கலும்

கொத்தை உங்கள் சாணோடு வைத்துப் பாருங்கள். அரைச் சாணா, ஒரு சாணா, அதைத் தாண்டியதா? பிறகு மரத்தில் இருக்கும் ஊசியைப் பாருங்கள், அது விறைத்து நிற்கிறதா, தளர்ந்து தொங்குகிறதா?

கொடைக்கானல் பைன் காடு, ஊட்டியிலிருந்து தலைக்குந்தா போகும் வழியிலுள்ள பைன் காடு போன்ற இடங்களில் நீங்கள் பெரும்பாலும் பார்ப்பது பைனஸ் பாட்டுலா. மெக்சிகோக்காரர். ஊசி 15 முதல் 25 சென்டிமீட்டர், அதாவது ஏறக்குறைய ஒரு சாண், மெலிசாக வெளிர்பச்சையாகக் கிளையின் இரு பக்கமும் தளர்ந்து தொங்கும். வெயில் பட்டால் பளபளக்கும். இந்தத் தொங்கல் வேறு எந்தத் தோட்டப் பைனிலும் இவ்வளவு தெளிவாக இருக்காது, பழகிய பிறகு ஓடுகிற பஸ்ஸிலிருந்தே சொல்லிவிடலாம். ஆனால் பழகிய பிறகுதான்.

அடுத்தது பைனஸ் ரேடியேட்டா. கலிபோர்னியாவின் மான்டரே கடற்கரைப் பகுதியைச் சேர்ந்தது. ஊசி அரைச் சாண் அல்லது கொஞ்சம் கூட, அடர்பச்சை, தொங்காமல் கிளை நுனியில் நெருக்கமாக இருக்கும். சொந்த ஊரில் இதன் இயற்கைக் காடுகள் விரல்விட்டு எண்ணக்கூடியவை, ஆனால் நியூசிலாந்தில் மரத்தொழில் என்றாலே இந்த ஒரு மரம்தான். ஊட்டியில் சாதாரணமாகப் பார்க்கும் மான்டரே சைப்ரஸும் அதே கடற்கரையில் பிறந்ததுதான். சொந்த ஊரில் சின்ன இடத்துக்குள் அடங்கிக் கிடந்த இரண்டு மரங்கள் நீலகிரியில் வந்து மறுபடி அக்கம்பக்கமாக நிற்பதை நினைத்தால் கொஞ்சம் வேடிக்கைதான்.

இமயமலையின் சீர் பைனுக்கும் மூன்று ஊசிதான், ஆனால் 20 முதல் 35 சென்டிமீட்டர் வரை போகும், சாணைத் தாண்டும். மேகாலயாவின் காசி பைன், ஷில்லாங் போனவர்கள் பார்த்திருப்பீர்கள், அதுவும் மூன்று ஊசி, 15 முதல் 20 சென்டிமீட்டர், மிக மெலிசு. எண்ணிக்கையும் நீளமும் மட்டும் வைத்துக்கொண்டால் பாட்டுலாவோடு குழம்பலாம். அங்கேதான் காய் கைகொடுக்கும்.

படி 5: காயைக் கையில் எடுத்துத் திருப்பிப் பாருங்கள்

கூம்பு என்று எழுதுகிறோம், பேச்சில் காய் என்றே சொல்வோம், நான் இரண்டையும் கலந்துதான் எழுதப்போகிறேன். மரத்தை அடையாளம் காட்டுவதில் காய்க்கு நிகர் வேறில்லை. இரண்டு மரங்களின் ஊசி ஒன்றுபோல் இருக்கலாம், காயும் ஒன்றுபோல் இருப்பது அபூர்வம்.

ஒரு விஷயம் முதலில். பைன் காய் ஈரம் பட்டால் மூடிக்கொள்ளும், காய்ந்தால் விரியும். மழை நாளில் பொறுக்கிய காய் இறுக மூடியிருந்தால் அது முற்றாத காய் என்று அர்த்தமில்லை. வீட்டில் வெயிலில் வைத்துவிட்டு மறுநாள் பாருங்கள், படத்தில் பார்த்த காய் மாதிரி விரிந்திருக்கலாம். சில இனங்கள் மட்டும் இதற்கும் அசையாது, பிசின் போட்டு ஒட்டியதுபோல் வருடக்கணக்கில் மூடியே இருக்கும், காட்டுத்தீயோ கடும் வெயிலோ அந்தப் பிசினை உருக்கினால்தான் திறக்கும். தீயில் தாய்மரம் போனாலும் சாம்பல் மண்ணில் விதை விழ வேண்டும் என்பதற்கான ஏற்பாடு அது. பாட்டுலா, ரேடியேட்டா இரண்டுமே இந்தக் குணம் உள்ளவை.

காயில் பார்க்க வேண்டியவை: நீளம், இரு பக்கமும் சமமாக இருக்கிறதா கோணலா, செதிலின் வெளிமுனையில் முள்ளோ கொக்கியோ இருக்கிறதா, கிளையில் தனியாகவா கூட்டமாகவா, காம்பு உண்டா இல்லையா.

பாட்டுலாவின் காய் 5 முதல் 10 சென்டிமீட்டர், ஒல்லியான கூம்பு, கெட்டியாக, கிளையோடு ஒட்டி, காம்பே இல்லாததுபோல், இரண்டு மூன்றாகவோ அதற்கு மேலோ கூட்டமாகப் பின்னோக்கிச் சாய்ந்திருக்கும். பழைய காய்கள் உதிராமல் தடித்த கிளைகளிலும் சில நேரம் தண்டிலுமே ஒட்டிக்கொண்டிருப்பதைப் பார்க்கலாம்.

ரேடியேட்டாவின் காய் பெரிது, 8 முதல் 15 சென்டிமீட்டர், முக்கியமாகக் கோணல். கிளையைப் பார்த்த பக்கம் தட்டையாகவும் வெளிப்பக்கத்துச் செதில்கள் உருண்டையாகப் புடைத்தும் இருக்கும். மேஜையில் நிற்க வைத்தால் ஒரு பக்கமாகச் சாயும். இந்தக் கோணலை ஒருமுறை பார்த்துவிட்டால் மறக்காது.

சீர் பைனின் காய் கனமானது, பருமனானது, 10 முதல் 20 சென்டிமீட்டருக்கும் மேல், ஒவ்வொரு செதிலின் முனையும் தடித்துக் கொக்கிபோல் பின்னால் வளைந்திருக்கும். வெறுங்காலில் மிதித்தால் தெரியும். காசி பைன் காய் சின்னது, 5 முதல் 9 சென்டிமீட்டர்.

படி 6: பட்டை, வாசனை

பட்டையைப் பார்ப்பவர்கள் பலர் அடிமரத்தை மட்டும் பார்த்துவிட்டுப் போய்விடுகிறார்கள். வயதான பைன் எல்லாவற்றுக்கும் அடிப்பட்டை கறுத்து வெடித்துத்தான் இருக்கும். தலையை உயர்த்தித் தண்டின் மேல் பாதியைப் பாருங்கள். பாட்டுலாவுக்கு அங்கே காகிதம்போல் மெலிசாக உரியும் செம்மஞ்சள் பட்டை இருக்கும், பச்சைக்கு நடுவே அந்த நிறம் பளிச்சென்று தெரியும். ரேடியேட்டாவுக்கு அப்படி இல்லை, கருஞ்சாம்பல் பட்டை ஆழமாக வெடித்துக் கிடக்கும். கிரிப்டோமேரியாவுக்கும் சைப்ரஸுக்கும் பட்டை நார் நாராக நீளவாக்கில் உரியும், பைன் பட்டை இப்படி நாராகாமல் தகடு தகடாகப் பெயரும்.

வாசனையைப் பற்றி: பைன் ஊசியைக் கசக்கினால் டர்பன்டைன் நெடி, மான்டரே சைப்ரஸைக் கசக்கினால் எலுமிச்சை கலந்த மணம். மூக்கை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள், கூடுதல் சாட்சியாக வைத்துக்கொள்ளுங்கள்.

சைப்ரஸ் குடும்பத்துக்குள் போனால்

செதில் இலை என்று படி 2-இல் முடிவாகியிருந்தால் உடனே காயைத் தேடுங்கள், இங்கே இலையை முறைத்துப் பார்த்துப் பயனில்லை.

காய் மரக்கட்டைபோல் கெட்டியான உருண்டை, மேலே கேடயம் மாதிரிப் பலகோணத் தகடுகள் பொருந்தியிருக்கின்றன என்றால் சைப்ரஸ். அந்த உருண்டை 2.5 முதல் 4 சென்டிமீட்டர் இருந்தால் மான்டரே சைப்ரஸ். 1 முதல் 2 சென்டிமீட்டர்தான் என்றால் இமயமலை சைப்ரஸோ மெக்சிகோ சைப்ரஸோ. இவற்றில் மெக்சிகோ சைப்ரஸின் இளங்காய் நீலச்சாம்பல் பூத்து, ஒவ்வொரு தகட்டின் நடுவிலும் ஒரு கூர்முனை துருத்திக்கொண்டிருக்கும். இமயமலை சைப்ரஸுக்கு நுனிக்கிளைகள் சாட்டைபோல் ஒல்லியாகத் தொங்கும். மூன்றும் நீலகிரியில் நட்டவைதான், நேர்மையாகச் சொன்னால் காய் இல்லாத இளமரத்தை 'ஏதோ ஒரு சைப்ரஸ்' என்று எழுதி வைப்பதே சரி.

இலைக்கிளைகள் எல்லாம் இஸ்திரி போட்டதுபோல் தட்டையாக, அதுவும் செங்குத்தாக நின்றால் அது நர்சரிகளில் துஜா என்றும் மோர்பங்கி என்றும் விற்கிற செடி. சமவெளியில் வீட்டு வாசலில் வைக்கிறார்களே அதுதான். காய் இளசாக இருக்கும்போது நீலம் பூத்த பச்சையில் சதைப்பற்றோடு, ஒவ்வொரு செதிலிலும் கொம்பு முளைத்ததுபோல் வளைந்த நுனியோடு இருக்கும். காய் கட்டையாகவே ஆகாமல் கருநீல மணியாக உருண்டிருந்தால் ஜூனிபர். ஜூனிபரில் இன்னொரு குழப்பம், ஒரே செடியில் குத்துகிற ஊசியிலையும் வழவழப்பான செதிலிலையும் சேர்ந்து இருக்கும், இரண்டு செடி பின்னிக்கொண்டிருக்கிறது என்று நினைத்துவிடாதீர்கள்.

கிறிஸ்துமஸ் சமயத்தில் தொட்டியில் விற்கிற மஞ்சள்பச்சை கோல்டன் சைப்ரஸ், மான்டரே சைப்ரஸிலிருந்து தேர்ந்தெடுத்து வளர்த்த ரகம். கசக்கினால் அதே எலுமிச்சை வாசனை வரும்.

அரக்கேரியாவும் கிரிப்டோமேரியாவும்

கிரிப்டோமேரியாவைக் காயை வைத்துச் சுலபமாகப் பிடிக்கலாம். 1 முதல் 2 சென்டிமீட்டர் உருண்டை, செதிலெல்லாம் முள் முள்ளாக. சில காய்களில் நுனியைத் துளைத்துக்கொண்டு பச்சைக்குருத்து ஒன்று வளர்ந்து வந்திருக்கும், அதைப் பார்த்தால் சந்தேகமே வேண்டாம். டார்ஜிலிங்கில் மலைமலையாக நிற்கும் மரம் இது, அங்கே தூபி என்கிறார்கள்.

அரக்கேரியாவுக்குக் கிளைகள் தண்டைச் சுற்றி அடுக்கடுக்காக, குடை விரித்த மாதிரி வரும். சென்னையிலும் கோவையிலும் சர்ச் வளாகங்களிலும் பழைய பங்களாக்களிலும் கிறிஸ்துமஸ் மரம் என்று நிற்பது இதுதான். நர்சரியில் நார்ஃபோக் தீவுப் பைன் என்று சொல்லி விற்பார்கள், பல நேரம் அது நியூ கலிடோனியாவிலிருந்து வந்த குக் பைன். வளர்ந்த மரத்தில் வித்தியாசம் தெரியும்: நார்ஃபோக் அகலமாக முக்கோணமாக விரியும், குக் பைன் தூண்போல் ஒடுங்கி உயரும், கொஞ்சம் சாய்ந்தும் இருக்கும். அந்தச் சாய்வுக்கு ஒரு ஒழுங்கு உண்டு. ஐந்து கண்டங்களில் நிற்கும் குக் பைன்களை அளந்து 2017-இல் வெளியான ஆய்வு, அவை நிலநடுக்கோட்டைப் பார்த்துச் சாய்கின்றன, கோட்டிலிருந்து தள்ளிப் போகப்போகச் சாய்வும் கூடுகிறது என்று காட்டியது. நாம் கோட்டுக்கு அருகில் இருப்பதால் சாய்வு லேசாகத்தான் இருக்கும், ஆனாலும் போன் திசைகாட்டியை வைத்துப் பாருங்கள், தெற்கே சாய்கிறதா என்று.

பட்டையில் கிடைமட்டமாக வளையம் வளையமாக உரிந்தால் ஹூப் பைன். இலை 2 முதல் 5 சென்டிமீட்டர், தட்டையாக விறைத்து, நுனி ஊசியாகக் குத்தினால் புன்யா பைன். இதன் காய் பல கிலோ எடை வரும், காய்க்கும் பருவத்தில் அடியில் நின்று படம் எடுக்க வேண்டாம், இது விளையாட்டுக்குச் சொல்வதல்ல. பைன் என்ற பெயர் ஒட்டிக்கொண்டிருந்தாலும் இவை எதுவும் பைன் குடும்பமே இல்லை.

இவற்றையெல்லாம் ஓரிடத்தில் பார்க்க வேண்டுமானால் ஊட்டி தாவரவியல் பூங்காவும் குன்னூர் சிம்ஸ் பூங்காவும் நல்ல இடங்கள். முதலாவது 1840களின் கடைசியில் தொடங்கியது, இரண்டாவது 1874-இல். பெயர்ப்பலகை உள்ள மரத்தில் பயிற்சி எடுத்துவிட்டுப் பிறகு பலகை இல்லாத மரத்துக்குப் போங்கள்.

இலங்கை, இமயமலை, கனடா

இலங்கை மலையகத்திலும் இயற்கையான பைன் கிடையாது. 1970களிலிருந்து அங்கே பெரிய அளவில் நட்டது கரீபியன் பைன். அதற்கும் மூன்று ஊசி, சில நேரம் நான்கு ஐந்து, 15 முதல் 25 சென்டிமீட்டர், ஆனால் பாட்டுலாபோல் தொங்காமல் விறைப்பாக இருக்கும், காய் விரிந்ததும் உதிர்ந்துவிடும், செதில் முனையில் சிறு முள். கண்டி, ஹந்தானை பக்கமும் சிங்கராஜா காட்டின் ஓரங்களிலும் பார்க்கலாம்.

சிம்லா, மணாலி போகிறவர்கள் நீளமான தொங்கும் ஊசியை எண்ணி ஐந்து வந்தால் நீலப் பைன் என்று எழுதிக்கொள்ளுங்கள், ஊர்க்காரர்கள் கைல் என்பார்கள், காயும் ஒரு சாண் நீளத்துக்கு ஒல்லியாகத் தொங்கும். ஒரு கொத்தில் இருபது முப்பது குட்டை ஊசிகள், உறை இல்லாமல், கட்டை விரல் நுனி அளவு குச்சிமுளையிலிருந்து விரிந்தால் தேவதாரு. தேவதாருவின் காய் கிளைமேல் நிமிர்ந்து நின்று மரத்திலேயே உதிர்ந்து சிதறுவதால் அடியில் முழுக்காய் கிடைக்காது, செதில்களும் ரோஜாப்பூ வடிவத்தில் காயின் நுனிப்பகுதியும்தான் கிடைக்கும். கின்னோர் பக்கம் பட்டை திட்டுத்திட்டாக உரிந்த மூன்று ஊசிப் பைன் தெரிந்தால் அது சில்கோசா, உலர்பழக் கடையில் விலை கேட்டு நாம் திரும்பி வருகிற அதே பருப்பு.

ஸ்ப்ரூஸ், ஃபர் இரண்டையும் விரலிலேயே பிரிக்கலாம். இரண்டிலும் ஊசி ஒற்றை ஒற்றையாக இருக்கும். இரு விரலுக்கு நடுவே உருட்டிப் பாருங்கள். உருண்டால் நாலு பக்க ஊசி, ஸ்ப்ரூஸ்; உருளாமல் தட்டையாக நின்றால் ஃபர். ஊசி உதிர்ந்த குச்சி சொரசொரவென்று முளை முளையாக இருந்தால் ஸ்ப்ரூஸ், வட்டத் தழும்போடு வழவழப்பாக இருந்தால் ஃபர். ஸ்ப்ரூஸ் காய் தொங்கி முழுசாக விழும், ஃபர் காய் நிமிர்ந்து நின்று தேவதாருபோலவே சிதறும். தட்டை ஊசியோடு சிவப்பான சதைக் கிண்ணத்துக்குள் ஒரு விதை தெரிந்தால் அது யூ மரம், விதையும் இலையும் கடும் நச்சு, குழந்தைகள் வாயில் வைக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள். பைன் ஊசி டீ என்று இணையத்தில் பார்த்துவிட்டு எதையாவது பறித்துக் கொதிக்க வைக்கிறவர்கள் இந்த வரியை இன்னொருமுறை படிக்கவும்.

டொரண்டோ பக்கம் இருப்பவர்களுக்கு எண்ணிக்கை இன்னும் நன்றாக வேலை செய்யும். ஐந்து என்றால் வெள்ளைப் பைன், ஒன்டாரியோவின் மாகாண மரம் அதுதான். இரண்டு என்றால் ஊசியை வளைத்துப் பாருங்கள்: 10 சென்டிமீட்டருக்கு மேல் நீளமாக இருந்து, டக்கென்று சுத்தமாக முறிந்தால் சிவப்புப் பைன். குட்டையாக முறுக்கிக்கொண்டு நீலம் கலந்த பச்சையில் இருந்து, மேல்தண்டும் ஆரஞ்சாக இருந்தால் ஸ்காட்ஸ் பைன். குளிர்காலத்தில் ஊசி எல்லாம் கொட்டி மொட்டையாக நிற்பது செத்த மரம் இல்லை, அது டாமராக்.

நம் மண்ணின் ஒரே ஊசியிலை மரம்

அகல இலை பற்றிப் பிறகு சொல்கிறேன் என்றேனே, அது இதுதான். தென்னிந்தியாவில் இயற்கையாக வளரும் கூம்புத் தாவரம், அதாவது ஊசியிலை மர வகை, ஒன்றே ஒன்று, நாகேயா வாலிச்சியானா. அகத்தியமலை, ஆனைமலை போன்ற மேற்குத் தொடர்ச்சி மலையின் பசுமைமாறாக் காடுகளில் இருக்கிறது. ஊசி இல்லை, மரக்கட்டைக் காய் இல்லை, பார்த்தால் சாதாரணக் காட்டுமரம்தான். இலையை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பாருங்கள். நடுநரம்பு இருக்காது, மெல்லிய நரம்புகள் அடியிலிருந்து நுனிவரை இணையாக ஓடும், இலைகள் எதிரெதிரே அமைந்திருக்கும். விதை ஒரு தடித்த சதைக் காம்பின் மேல் உருண்டையாக உட்கார்ந்திருக்கும்.

இன்றைக்கு ஒன்றுதான் மிச்சம், ஆனால் ஒரு காலத்தில் இந்த நிலம் கூம்புத் தாவரங்களின் நிலம். பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் 18 மீட்டர் நீளக் கல்மரம் கிடக்கிறதே, சுமார் 12 கோடி ஆண்டுப் பழமை, அது பூக்கும் தாவரங்கள் பரவுவதற்கு முன்பிருந்த கூம்புத் தாவர வகைதான். புவியியலாளர் எம். எஸ். கிருஷ்ணன் 1940-இல் அதை வெளியுலகுக்குக் கொண்டுவந்தார்.

இதோடு ஒப்பிட்டால் மலைமேல் இருக்கும் பைன் தோட்டங்கள் நேற்று வந்தவை, பல இடங்களில் சோலைக்காட்டை ஒட்டிய புல்வெளியின் மேல் நட்டவை. அங்கே கீழே ஒன்றும் முளைக்காமல் ஊசி மெத்தை மட்டும் கிடப்பது படத்துக்கு அழகாக இருக்கிறது, புல் தின்கிற வரையாட்டுக்கு அதில் ஒன்றும் இல்லை. ஆகவே புல்வெளிக்குள் தனியாக ஒரு பைன் கன்று முளைத்திருப்பதைப் பார்த்தால் அதையும் குறித்துக்கொள்ளுங்கள், எந்த இனம் தோட்டத்தைத் தாண்டிப் பரவுகிறது என்று தெரிந்துகொள்ள அந்தக் குறிப்பு உதவும்.

படம் எடுக்கும்போது

ஐநேச்சுரலிஸ்ட் போன்ற செயலிகளில் போடுகிறவர்கள் ஒரே ஒரு தூரக்காட்சியைப் போட்டுவிட்டு இது என்ன பைன் என்று கேட்கிறார்கள், அதற்கு யாராலும் பதில் சொல்ல முடியாது, செயலியும் ஏதோ ஒரு பெயரைத் துணிந்து சொல்லிவிடும். முழு மரம் ஒன்று, அடி உறை தெரியும்படி ஒரு கொத்து கையில் வைத்து ஒன்று, காயைப் பக்கவாட்டிலும் அடியிலிருந்தும் இரண்டு, கீழ்ப்பட்டையும் மேல்பட்டையும் இரண்டு, ஆக ஆறு படம். அளவு தெரிய ஒரு ரூபாய் நாணயத்தைப் பக்கத்தில் வையுங்கள். நட்ட மரமா தானாக முளைத்ததா என்பதையும் ஒரு வார்த்தை எழுதுங்கள். ஆறும் இருந்தால் பாட்டுலாவா ரேடியேட்டாவா என்பது அன்றைக்கே தெரிந்துவிடும், சின்னக் காய் சைப்ரஸ்களுக்கு மட்டும் கொஞ்சம் காத்திருக்க வேண்டிவரும்.